வீட்டு ஈட்டுக்கடனின் மெய்விலை: ஐக்கிய அமெரிக்க அனுபவம் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

மனிதன் தன் வாழ்நாளில் வாங்கும் பொருள்களுள் வீடே பெரும்பாலும் பெருவிலையுடையது. ஆயின் அவ்வீட்டின் விலை யாது என்னும் வினாவுக்கு அதனை வாங்கியவராலும் எளிதில் விடைகூற முடிவதில்லை. உறுதியில் எழுதப்பட்ட விலை ஒன்று. இருபது முப்பது ஆண்டுகளாக மாதந்தோறும் செலுத்தப்பட்ட தவணைகளின் கூட்டுத்தொகை மற்றொன்று. பணத்தின் பெறுமதி மாறிவரும் உலகில் அக்கூட்டுத்தொகையின் உண்மைப் பெறுமதி இன்னொன்று. இம்மூன்றுக்கும் இடையிலுள்ள வேறுபாடு கணக்கியலாளருக்கு மட்டும் உரிய விடயமன்று. கடன் கொடுப்போர் எதனைக் கூறினர், எதனைக் கூறாது விட்டனர், எதனைக் கூறவேண்டுமெனச் சட்டம் பணித்தது என்பவற்றால் அமைந்த நீண்டதொரு சமூக வரலாறும் அதற்கு உண்டு.

அவ்வரலாறு மிக விரிவாகப் பதிவு பெற்றிருப்பது ஐக்கிய அமெரிக்காவிலாகும். முப்பதாண்டுத் தவணைக் கடனைப் பொதுமக்களின் வாழ்க்கை முறையாக்கிய நாடும், அக்கடன் முறையின் வீழ்ச்சியால் ஒரு நூற்றாண்டுக்குள் இருமுறை பேரிடருற்ற நாடும் அதுவே. அவ்வனுபவத்தை ஒரேயொரு வினாவின் வாயிலாக ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். கடனாளி செலுத்தும் பணம் அவன் பெற்ற முதற்றொகையைக் குறைக்கின்றதா, இல்லையா என்பதே அவ்வினா. வட்டிவீதம் பற்றிய வினாவிலும் இது பழைமையானது. வட்டிவீதத்தை அறிந்த பலரும் கேட்க மறந்ததும் இதுவேயாகும்.

ஒற்றியும் இறந்த ஈடும்

இவ்வினா யாழ்ப்பாணத் தமிழ்ச் சமூகத்துக்குப் புதியதன்று. 1707ஆம் ஆண்டில் ஒல்லாந்தர் ஆட்சியில் தொகுத்து நடைமுறைப்படுத்தப்பட்டதும், 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரமாணத்தினால் ஆங்கிலேயரால் உறுதிப்படுத்தப்பட்டதுமான தேசவழமை, ஒற்றி என்னும் ஈட்டுமுறையை விரிவாகக் கூறுகின்றது. காணியை ஒற்றி வைத்தவர் வட்டி செலுத்துவதில்லை. வட்டிக்குப் பதிலாகக் காணியின் விளைவைக் கடன் கொடுத்தவர் அனுபவிப்பார். காணியை மீட்க விரும்பும்போது பெற்ற தொகையை முழுமையாகத் திருப்பிக் கொடுத்தல் வேண்டும்.

ஒற்றியில் வட்டி ஏறுவதில்லை. விளைவு பொய்த்தால் அந்நட்டம் ஒற்றி பெற்றவரையே சாரும். இவை கடனாளிக்குச் சாதகமானவை. ஆயினும் இருபது ஆண்டுகள் காணியின் விளைவை இழந்த பின்னரும் மீட்க வேண்டிய தொகை முதல்நாளில் இருந்த அதே தொகையாகும். இருபது ஆண்டு விளைவும் கடனின் விலையே. ஆனால் அது பணமாகக் கைமாறாமையால் விலையாகத் தோன்றுவதில்லை.

இங்கிலாந்தின் பழஞ்சட்டத்திலும் இத்தகைய வேறுபாடு உணரப்பட்டிருந்தது. இரண்டாம் ஹென்றியின் ஆட்சிக்காலத்தில், 12ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த, கிளான்வில் என்பாரின் பெயரால் வழங்கும் சட்டநூல் இருவகை ஈடுகளைக் கூறுகின்றது. ஈடாகப் பெற்ற நிலத்தின் வருவாய் கடனைப் படிப்படியாகக் குறைக்குமாயின் அது உயிர் ஈடு. வருவாய் முழுவதும் கடன் கொடுத்தவரைச் சார, முதற்றொகை குறையாது நிற்குமாயின் அது இறந்த ஈடு. பிந்தியது ஒருவகை வட்டித்தொழிலே என அந்நூல் கண்டித்தது. ஆங்கிலத்தில் ஈட்டைக் குறிக்கும் ‘மோட்கேஜ்’ என்னும் சொல், இறந்த ஈடு எனப் பொருள்படும் பழம் பிரெஞ்சுச் சொற்றொடரிலிருந்து பிறந்ததாகும். பிற்காலத்தில் லிற்றில்ற்றனும் கோக்கும் இச்சொல்லுக்கு வேறு விளக்கம் தந்தனர். கடனாளி தவறினால் நிலம் அவனுக்கு இறந்ததாகின்றது, செலுத்தினால் கடன் கொடுத்தவருக்கு இறந்ததாகின்றது என்பதே அவர்தம் விளக்கமாகும்.

17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலச் சான்சரி மன்று, குறித்த நாள் தவறிய பின்னரும் நியாயமான காலத்துள் பணத்தைச் செலுத்தி நிலத்தை மீட்கும் உரிமையைக் கடனாளிக்கு வழங்கியது. ஈடு என்பது கடனுக்குப் பாதுகாப்பேயன்றி நிலத்தைப் பறிப்பதற்கான வழியன்று என்னும் கொள்கை இதனால் வேரூன்றியது. இக்கொள்கையை அமெரிக்கக் குடியேற்றங்களும் பெற்றுக்கொண்டன. ஆனால் மீட்கும் உரிமை இருப்பதும் மீட்பதற்கான பணம் இருப்பதும் வெவ்வேறானவை. அமெரிக்க வரலாற்றின் முதற்பகுதி இவ்வுண்மையையே காட்டுகின்றது.

கட்டடச் சங்கங்களும் குறுங்காலக் கடன்களும்

இங்கிலாந்தின் பேமிங்காம் நகரில் 1775இல் தோன்றிய கெற்லி கட்டடச் சங்கத்தை முன்மாதிரியாகக் கொண்ட இயக்கம் அமெரிக்காவுக்கும் பரவியது. 1831ஆம் ஆண்டில் பிலதெல்பியாவை அடுத்த பிராங்போட் என்னும் ஊரில் ஒக்ஸ்போட் புரொவிடன்ற் கட்டடச் சங்கம் நிறுவப்பெற்றது. அதன் முதற்கடனாகிய 375 டொலரைப் பெற்றவர் கொம்லி றிச் என்னும் தெருவிளக்கேற்றுநர். பின்னர் அவர் தவணை தவறினார் என்பதும் அச்சங்கத்தின் வரலாற்றில் இடம்பெறும் செய்தியாகும். இவ்வாறு அமெரிக்க வீட்டுக்கடனின் தொடக்கத்திலேயே அதன் இருபக்கங்களும் தோன்றிவிட்டன. மாதந்தோறும் சிறுதொகை சேர்த்து வீட்டை உடைமையாக்கலாம் என்பது ஒன்று. வருவாய் தடைப்படின் சேர்த்ததும் கரையலாம் என்பது மற்றொன்று.

கட்டடச் சங்கங்களில் உறுப்பினர் வட்டியுடன் பங்குப்பணமும் செலுத்தினர். பங்குப்பணம் கடனளவுக்கு வளர்ந்ததும் கடன் தீர்ந்தது. பொதுவாகப் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் இது நிறைவேறிற்று. ஆயின் 1920களில் வீட்டுக்கடனை வழங்கிய வங்கிகளும் காப்புறுதிக் கம்பனிகளும் வேறொரு முறையையே பெரிதும் கைக்கொண்டன. வீட்டு விலையின் ஏறத்தாழ அரைப்பங்கே கடனாக வழங்கப்பட்டது. தவணைக்காலம் மூன்று முதல் ஐந்து ஆண்டுகள். அக்காலம் முழுவதும் கடனாளி வட்டியை மட்டும் செலுத்துவார். காலம் முடிந்ததும் முதற்றொகை முழுவதும் ஒரேநாளில் செலுத்தற்குரியதாகும்.

அத்தொகையை ஒரேநாளில் செலுத்த வல்லவர் மிகச் சிலரே. ஏனையோர் கடனைப் புதுப்பித்தனர். ஒவ்வொரு புதுப்பித்தலுக்கும் கட்டணம் செலுத்தினர். விலையின் எஞ்சிய பகுதியை ஈடுசெய்ய இரண்டாம் ஈட்டைக் கூடிய வட்டிக்கு வைத்தவரும் பலர். வட்டிவீதத்தை மட்டும் நோக்குமிடத்து முதல் ஈடு மலிவானதாகவே தோன்றியிருக்கும். ஆனால் செலுத்திய பணத்தில் ஒரு சதமேனும் முதற்றொகையைக் குறைக்கவில்லை. கிளான்வில் கூறிய இறந்த ஈடு பெயர் மாறி, நகரத்து வீட்டுக்கடனாக உருவெடுத்தது எனலாம்.

புதுப்பித்தல் தொடருமென்ற நம்பிக்கையிலேயே இம்முறை முழுவதும் தங்கியிருந்தது. 1929இன் வீழ்ச்சியுடன் அந்நம்பிக்கை தகர்ந்தது. வங்கிகள் தம் வைப்பாளருக்கே பணம் கொடுக்கவியலாது முடங்கின. புதுப்பிக்கப்படாத கடன்கள் முதிர்வடைந்தன. வீட்டு விலைகள் வீழ்ந்தமையால் விற்றுத் தீர்க்கவும் இயலவில்லை. 1926இல் கமம் சாராத ஆதனங்களுள் ஏறத்தாழ 68,000 மட்டுமே ஈட்டுக்கடனுக்காகக் கையகப்படுத்தப்பட்டன. 1933இல் அத்தொகை ஏறத்தாழ 252,000 ஆக உயர்ந்தது. தொழிலிழந்தவர் மட்டுமன்றி, வட்டியை ஒழுங்காகச் செலுத்திவந்தவரும் கடன் முதிர்ந்த காரணத்தால் வீடிழந்தனர் என்பதே இங்குக் கருதத்தக்கது. மினசோற்றா மாநிலம் 1933இல் மீட்கும் காலத்தை நீடித்துச் சட்டமியற்றியது. ஒப்பந்தத்தின் புனிதத்தை அது மீறுகின்றதென வாதிடப்பட்டபோதிலும், 1934இல் அமெரிக்க உயர்நீதிமன்று ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையால் அச்சட்டத்தை ஏற்றுக்கொண்டது.

சமஷ்டி அரசின் தலையீடு

பிராங்கிளின் றூஸ்வெல்ற்றின் ஆட்சி 1933 யூன் மாதத்தில் வீட்டுச் சொந்தக்காரர் கடன் கூட்டுத்தாபனத்தை நிறுவியது. தவணை தவறிய கடன்களை இக்கூட்டுத்தாபனம் ஈட்டாளரிடமிருந்து பெற்று, 5 சதவீத வட்டியில் பதினைந்து ஆண்டுகளில் தீரக்கூடிய புதுக்கடன்களாக மாற்றியது. ஏறத்தாழ பத்து இலட்சம் குடும்பங்கள் இதனாற் பயன்பெற்றன. மாதந்தோறும் செலுத்தும் ஒரே தொகையுள் வட்டியும் முதற்றொகையின் ஒருபகுதியும் அடங்கியிருந்தன என்பதே இதன் சிறப்பு. கடன் முதிர்வடையும் நாள் பேரச்சத்துக்குரிய நாளாகாது, இறுதித் தவணையின் நாளாக மாறியது. இவ்வுதவியின் பின்னரும் கடன்பெற்றோருள் ஏறத்தாழ ஐவரில் ஒருவர் வீட்டை இழந்தனர் என்பதும் மறக்கற்பாலதன்று. கடனின் அமைப்பு சீரானாலும் வருவாயின்மை தீர்ந்துவிடுவதில்லை.

1934இல் இயற்றப்பட்ட தேசிய வீடமைப்புச் சட்டம் சமஷ்டி வீடமைப்பு நிருவாகத்தை உருவாக்கியது. இந்நிருவாகம் தானே கடன் வழங்கவில்லை. தனியார் வழங்கும் கடனுக்குக் காப்புறுதி அளித்தது. வீட்டின் பெறுமதியில் 80 சதவீதம் வரை, இருபது ஆண்டுகளில் தவணைமுறையில் தீரும் கடன் இதனால் இயல்வதாயிற்று. தவணைக்காலம் 1938இல் இருபத்தைந்து ஆண்டாகவும், இரண்டாம் உலகப் போரின் பின்னர் முப்பது ஆண்டாகவும் நீண்டது. 1944ஆம் ஆண்டின் சட்டத்தினால் போர்வீரருக்கு முற்பணமின்றியே வீடு வாங்கும் வாய்ப்பும் கிட்டிற்று.

காலம் நீளுந்தோறும் மாதத்தவணை சிறுத்தது. வீடு எளியோருக்கும் எட்டியது. ஆனால் காலமே விலையாகவும் மாறியது. நியூயோக்கை அடுத்த லெவிற்றவுன் குடியிருப்பில் 1949இல் ஒரு வீடு 7,990 டொலருக்கு விற்கப்பட்டது. அத்தொகை முழுவதையும் 4 சதவீத வட்டியில் இருபது ஆண்டுக்குக் கடனாகப் பெற்றால் மாதத்தவணை ஏறத்தாழ 48 டொலர் 42 சதம்; மொத்தமாகச் செலுத்துவது ஏறத்தாழ 11,620 டொலர். அதே கடனை முப்பது ஆண்டுக்குப் பெற்றால் மாதத்தவணை 38 டொலர் 15 சதமாகக் குறையும். மொத்தமோ ஏறத்தாழ 13,732 டொலராகும். மாதம் பத்து டொலர் தளர்வுக்காகக் கடனாளி ஈற்றில் 2,100 டொலருக்கு மேல் கூடுதலாகச் செலுத்துகின்றான். இதனைத் தவறெனக் கூறவியலாது. பத்து டொலர் இன்றிக் குடும்பம் நடத்தவியலாதவனுக்கு அத்தளர்வே வீட்டைத் தந்தது. ஆனால் அதுவும் விலைகொடுத்து வாங்கப்பட்டது என்பதை அவன் அறிந்திருத்தல் வேண்டும்.

தவணைக் கணக்கின் இயல்பு

மாதந்தோறும் செலுத்தும் தொகை மாறாதிருப்பதால், அது கடனை ஒரே சீராகக் குறைக்கின்றதெனப் பலரும் எண்ணுவர். உண்மை அதுவன்று. ஒவ்வொரு மாதமும் எஞ்சியுள்ள முதற்றொகைக்கே வட்டி கணிக்கப்படுகின்றது. தொடக்கத்தில் முதற்றொகை பெரிதாகையால் வட்டியும் பெரிது. தவணையில் வட்டி போக எஞ்சும் சிறுபகுதியே கடனைக் குறைக்கும்.

ஓரிலட்சம் டொலரை 6 சதவீத வட்டியில் முப்பது ஆண்டுக்குப் பெற்ற ஒருவரை எடுத்துக்கொள்ளலாம். மாதத்தவணை 599 டொலர் 55 சதம். முதல் மாதத்தில் 500 டொலர் வட்டிக்கே சென்றுவிடும். முதற்றொகை குறைவது 99 டொலர் 55 சதமே. பதினைந்து ஆண்டுகள் கழிந்து, ஏறத்தாழ 107,900 டொலர் செலுத்திய பின்னரும் அவர் கொடுக்க வேண்டியிருப்பது ஏறத்தாழ 71,000 டொலர். கடனின் அரைப்பங்கு தீர்வதற்கு இருபத்தொரு ஆண்டுகள் செல்லும். முப்பதாண்டின் இறுதியில் செலுத்திய மொத்தம் ஏறத்தாழ 215,800 டொலர். அதே கடனைப் பதினைந்து ஆண்டில் தீர்ப்பதாயின் மாதத்தவணை ஏறத்தாழ 844 டொலர். மொத்தம் 151,900 டொலர். தவணை இருமடங்காகாமலே காலம் அரைப்பங்காகின்றது. வட்டியோ 115,800இலிருந்து 51,900 டொலராகக் குறைகின்றது.

வட்டிவீதம் மிக உயருமிடத்து இவ்வியல்பு வேறொரு வடிவம் பெறுகின்றது. பணவீக்கத்தைத் தடுக்கும்பொருட்டு அமெரிக்க மத்திய வங்கி கடுநிலை மேற்கொண்ட 1981ஆம் ஆண்டின் ஒக்ரோபர் மாதத்தில் முப்பதாண்டு வீட்டுக்கடனின் சராசரி வட்டி 18 சதவீதத்தையும் தாண்டியது. 18 சதவீதத்தில் ஓரிலட்சம் டொலருக்கு மாதத்தவணை 1,507 டொலர் 9 சதம். அதில் 1,500 டொலர் வட்டி. முதலாண்டு முழுவதும் ஏறத்தாழ 18,085 டொலர் செலுத்தியவரின் கடன் ஏறத்தாழ 92 டொலரே குறையும். பதினைந்து ஆண்டுகளின் பின்னரும் ஏறத்தாழ 93,600 டொலர் எஞ்சியிருக்கும். பெயரளவில் இது தவணைமுறையில் தீரும் கடன். நடைமுறையிலோ பல்லாண்டுகளுக்கு இறந்த ஈட்டினின்றும் அதிகம் வேறுபட்டதன்று.

கடன் மறுக்கப்பட்டோர் கொடுத்த விலை

ஈட்டுக்கடனின் விலையை ஆராய்வோர் அக்கடன் மறுக்கப்பட்டோர் கொடுத்த விலையையும் கருதுதல் வேண்டும். மேற்கூறிய கூட்டுத்தாபனம் 1930களில் நகரப் பகுதிகளைத் தரம் பிரித்து வரைந்த படங்களில், கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதிகள் பெரும்பாலும் சிவப்பு வண்ணத்தில் ஆபத்தானவையாகக் காட்டப்பட்டன. சமஷ்டி வீடமைப்பு நிருவாகமும் அத்தகைய பகுதிகளில் காப்புறுதி வழங்க மறுத்தது. லெவிற்றவுனில் கறுப்பினத்தவர் வீடு பெறத் தடை இருந்தது. மலிவான நீண்டகாலக் கடன் ஒரு சாராருக்கே உரியதாயிற்று.

சிக்காகோ நகரில் 1950களிலும் 1960களிலும் வங்கிக்கடன் பெறவியலாத கறுப்பினக் குடும்பங்கள் ஒப்பந்த முறையில் வீடு வாங்கின. இடைத்தரகர் மலிவாக வாங்கிய வீட்டைப் பன்மடங்கு விலைக்கு அவர்களுக்கு விற்றனர். இறுதித் தவணை செலுத்தும்வரை உறுதி விற்றவரிடமே இருந்தது. தவணை தவறினால் வீடும் அதுவரை செலுத்திய பணமும் ஒருங்கே பறிபோயின. செலுத்தியதால் உரிமையெதுவும் வளராத இவ்வொப்பந்தத்தில், சான்சரி மன்று முந்நூறு ஆண்டுகளுக்கு முன் வழங்கிய மீட்புரிமையும் பயன்தரவில்லை. 1968இல் லோண்டேல் பகுதியில் உருவான ஒப்பந்தக் கொள்வனவாளர் சங்கம் தவணை செலுத்த மறுத்துப் போராடியது. இனம் காரணமாக வீடும் வீட்டுக்கடனும் மறுப்பதைத் தடைசெய்யும் நியாயமான வீடமைப்புச் சட்டமும் அவ்வாண்டிலேயே நிறைவேறிற்று.

உண்மையை உரைக்குமாறு பணித்த சட்டங்கள்

1968 மே மாதத்தில் சனாதிபதி ஜோன்சன் ஒப்பமிட்ட மற்றொரு சட்டம், கடன் வழங்குவோர் ஆண்டுச் சதவீத வீதத்தை வெளிப்படையாகக் கூறவேண்டுமெனப் பணித்தது. வட்டியுடன் சில கட்டணங்களையும் சேர்த்துக் கணிக்கப்படும் இவ்வீதத்தால், ஒரு கடனை இன்னொன்றுடன் ஒப்பிடுதல் இயல்வதாயிற்று. கடனுக்கான மொத்தச் செலவை டொலர்த் தொகையாகக் கூறவேண்டுமெனவும் அச்சட்டம் விதித்தது. ஆனால் வீடு வாங்குதற்காகப் பெறும் முதல் ஈட்டுக்கடனுக்கு அத்தேவையிலிருந்து விலக்களிக்கப்பட்டது. குளிர்சாதனப் பெட்டியைத் தவணைக்கு வாங்குபவர் மொத்தச் செலவை அறிந்தார்; வாழ்நாளின் பெருங்கடனைப் பெறுபவர் அறியாதிருக்கலாம் எனச் சட்டமே இடமளித்தது. பின்வந்த திருத்தங்களாலேயே அவ்விலக்கு நீங்கிற்று.

மொத்தத் தொகையை அறிந்த அளவில் மெய்விலையை அறிந்ததாகுமா என்பதும் சிந்திக்கத்தக்கது. முப்பதாண்டின் பின் செலுத்தும் டொலரும் இன்று செலுத்தும் டொலரும் ஒரே பெறுமதியுடையன அல்ல. 1967 முதல் 1983 வரையான காலத்தில் அமெரிக்காவில் விலைமட்டம் ஏறத்தாழ மூன்று மடங்காயிற்று. 1949இல் நிலையான 4 சதவீத வட்டியில் கடன் பெற்றவருக்கு 1970களில் 38 டொலர் பெருஞ்சுமையன்று; சம்பளம் உயர்ந்தது, தவணை உயரவில்லை. அவ்விலையின் ஒருபகுதியைக் கடன் கொடுத்த சேமிப்பு நிறுவனங்களே சுமந்தன. குறைந்த வட்டிக்கு நீண்டகாலக் கடன் வழங்கிவிட்டு, வைப்புகளுக்கு உயர்வட்டி செலுத்த நேர்ந்த அந்நிறுவனங்களுள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை 1986 முதல் 1995 வரையான காலத்தில் மூடப்பட்டன. ஆகவே ஈட்டுக்கடனின் மெய்விலையை நிர்ணயிப்பவை வட்டிவீதம், காலம், பணவீக்கம் ஆகிய மூன்றுமாம். வீதம் மாறுமிடத்து அம்மாற்றத்தின் சுமை யாரைச் சாருமென்பது ஒப்பந்தத்தில் எழுதப்படும்.

1982இல் இயற்றப்பட்ட சட்டங்கள், மாறும் வட்டிக் கடன்கள் நாடெங்கும் பரவ வழிவகுத்தன. இதனால் வட்டி மாற்றத்தின் சுமை கடனாளியின்பால் நகர்ந்தது. 2000ஆம் ஆண்டின் பின், சில ஆண்டுகள் வட்டி மட்டும் செலுத்தும் கடன்கள் பெருகின. வட்டியிலும் குறைந்த தொகையைச் செலுத்த அனுமதித்து, எஞ்சிய வட்டியை முதற்றொகையுடன் சேர்க்கும் கடன்களும் தோன்றின. இவற்றில் முதற்றொகை குறையாது நிற்றல் மாத்திரமன்றி, மாதந்தோறும் வளர்ந்தும் வந்தது. வீட்டு விலை உயரும், கடனைப் புதுப்பிக்கலாம் என்பதே 1920களிற் போலவே அடிப்படை நம்பிக்கையாக இருந்தது. 2006இன் பின் வீட்டு விலைகள் வீழ்ந்தன. 2008இல் நிதி நிறுவனங்கள் சரிந்தன. 2010ஆம் ஆண்டில் மட்டும் பத்து இலட்சத்துக்கும் மேற்பட்ட வீடுகள் கையகப்படுத்தப்பட்டன.

இவ்விடரின் விளைவாக 2010இல் நிதிச் சீர்திருத்தச் சட்டம் பிறந்தது. அதனையொட்டி 2015 ஒக்ரோபர் முதல் நடைமுறைக்கு வந்த கடன் மதிப்பீட்டுப் படிவத்தில் எளிய இரு தொகைகள் இடம்பெறுகின்றன. முதல் ஐந்தாண்டில் கடனாளி செலுத்தப்போகும் மொத்தம் எவ்வளவு என்பது ஒன்று; அதே ஐந்தாண்டில் தீரும் முதற்றொகை எவ்வளவு என்பது மற்றொன்று. கடன்காலம் முழுவதும் செலுத்தும் வட்டி, கடன்தொகையில் எத்தனை சதவீதம் என்பதும் கூறப்படுகின்றது. செலுத்துவது முதற்றொகையைக் குறைக்கின்றதா என்று 12ஆம் நூற்றாண்டுச் சட்டநூல் எழுப்பிய வினா, எண்ணூறு ஆண்டுகளின் பின் ஓர் அரசாங்கப் படிவத்தில் விடை பெற்றது எனலாம்.

முடிவுரை

அமெரிக்க அனுபவம் பிற நாட்டவர்க்குத் தொடர்பற்றதன்று. இலங்கையில் 1931இல் அரச ஈட்டு வங்கியை நிறுவக் கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. அவ்வங்கியின் பணிகளை 1979இல் தொழிற்படத் தொடங்கிய அரச ஈட்டு முதலீட்டு வங்கி ஏற்றது. வங்கிக்கடனில் வீடு கட்டுதல் மத்தியதர வகுப்பினரின் வழக்கமாயிற்று. 2022 ஏப்பிரல் 8ஆம் நாள் இலங்கை மத்திய வங்கி தன் கொள்கை வட்டிவீதங்களை ஒரேநாளில் ஏழு சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியபோது, மாறும் வட்டியில் கடன் பெற்றிருந்தோர் ஈட்டுக்கடனின் விலையை நேரில் உணர்ந்தனர். பத்து இலட்சம் ரூபாவை 10 சதவீத வட்டியில் இருபது ஆண்டுக்குப் பெற்றவரின் மாதத்தவணை ஏறத்தாழ 9,650 ரூபா. தொடக்க ஆண்டிலேயே வட்டி 20 சதவீதமானால், ஒரு மாத வட்டி மட்டுமே ஏறத்தாழ 16,667 ரூபாவாகும். பழைய தவணையைத் தொடர்ந்து செலுத்துபவரின் கடன் குறையாது, மாதந்தோறும் வளரும்.

வரலாறு கடன் வாங்குதலைக் கண்டிக்கவில்லை. முப்பதாண்டுக் கடன் கோடிக்கணக்கான குடும்பங்களுக்கு வீடு தந்தது. அக்கடன் மறுக்கப்பட்டோர் அதனிலும் கொடிய விலையைக் கொடுத்தனர். ஆயின் விலை கூறப்படாத கடன் ஒவ்வொரு காலத்திலும் எளியோரிடமே அவ்விலையை அறவிட்டது என்பதும் வரலாறு காட்டும் உண்மையாகும். ஒற்றியுறுதியில் ஒப்பமிட்ட கமக்காரனும், 1920களில் கடனைப் புதுப்பித்த நகரத் தொழிலாளியும், 2005இல் வட்டியிலும் குறைந்த தவணையைத் தெரிவுசெய்த குடும்பத்தவரும் வட்டிவீதத்தைக் கேட்டிருக்கலாம், மாதத்தவணையையும் கேட்டிருக்கலாம். ஐந்தாண்டின் பின் கடனில் எவ்வளவு எஞ்சியிருக்கும் என்பதே அவர்கள் கேட்டிருக்க வேண்டிய வினா. அவ்வினாவைக் கேட்கும் அறிவைப் பொதுமக்களுக்கு வழங்குதல் சட்டத்தின் கடமை மட்டுமன்று; கல்வியின் கடமையுமாகும்.